ஹெஸ்பீரியாவின் பதினோராவது ஆள்

ஹெட்லி ட்ரெம்பத் தன் கடற்படை வாழ்க்கையில் ஒரே ஒரு நாள்தான் வேலை நேரத்தில் குடித்துவிட்டுக் கிடந்தான். அது 1943 ஜனவரி பத்தொன்பது, அவனுடைய இருபத்தோராவது பிறந்தநாள். வருஷமெல்லாம் ஒழுங்காக இருந்தவன் ஒரு நாள் சறுக்கினால் அதைப் பெரிதுபடுத்த வேண்டாம் என்று நீங்கள் சொல்லலாம். கதையை முழுசாகக் கேட்கிற வரைக்கும் நானும் அப்படித்தான் சொல்லிக்கொண்டிருந்தேன்.

டெவன்போர்ட்டில் கப்பல்துறைச் சுவரை ஒட்டிய தெருவில் பிறந்தவர்கள் கடற்படையில் சேருவதற்கென்று தனியாக உட்கார்ந்து யோசிப்பதில்லை. ஹெட்லியின் அப்பா சேர்ந்தார், இரண்டு மாமன்கள் சேர்ந்தார்கள், அவனும் பதினெட்டில் சேர்ந்தான். அவனுக்கு வாய்த்தது ஹெஸ்பீரியா என்ற குரூஸர் போர்க்கப்பல். அறுநூற்று எண்பது ஆட்கள். மூன்று இரும்புக் கோபுரங்கள், கோபுரத்துக்கு மூன்று பீரங்கிகள். ஆட்கள் அந்தக் கப்பலை ‘ஹெஸி’ என்பார்கள், வீட்டில் யாருக்கும் அடங்காத அக்காளைச் சொல்கிற மாதிரி.

ஹெஸியின் வேலை ரஷ்யாவுக்குச் சரக்கு ஏற்றிப் போகும் கப்பல் கூட்டத்துக்குக் காவல் போவது. அந்தக் கடலில் விழுந்தவனை இரண்டு நிமிஷத்துக்குள் தூக்கினால் மனிதன், மூன்றாவது நிமிஷம் தூக்கினால் பிணம். தெறிக்கிற தண்ணீர் தளத்தில் உறைந்து கப்பலைக் கவிழ்க்கப் பார்க்கும். கோடாலியை எடுத்துக்கொண்டு இரவும் பகலும் பனிக்கட்டியை வெட்டித் தள்ளவேண்டும். ஒரு தடவை எண்ணெய்க் கப்பல் ஒன்று பக்கத்திலேயே வெடித்தது. எரிகிற எண்ணெய்க்குள் நீந்தி வந்தவர்களை ஹெஸி நிற்காமல் தாண்டிப் போனது. நின்றால் நீர்மூழ்கிக்காரன் ஹெஸியையும் கொளுத்தியிருப்பான். கம்பியைப் பிடித்து நின்ற ஹெட்லியைப் பார்த்து அவர்களில் ஒருவன் கையை அசைத்தான்.

ஹெட்லிக்கு வேலை இரண்டாம் கோபுரத்தின் அடியில். கோபுரத்திலிருந்து நான்கு தளம் கீழே வெடிமருந்தறை. அங்கேயிருந்து மருந்துப் பொதிகளை ஒவ்வொன்றாக மேலே ஏற்றி அனுப்பவேண்டும். ஒரு முறைக்குப் பதினோரு பேர். உள்ளே போனதும் தலைக்கு மேல் இரும்பு மூடியைச் சாத்தி முறுக்கிவிடுவார்கள். மேலே நடப்பது எதுவும் கீழே தெரியாது.

அவனுடைய சிநேகிதன் கிட்டோ பெங்கெல்லிக்கு வேலை மேல் தளத்தில், விமானத்தைச் சுடும் சின்ன பீரங்கியில். காசண்ட் ஊர் மீனவர் வீட்டுப் பிள்ளை, ஹெட்லியைவிட ஒரு வயது மூத்தவன், வாய் ஓயாதவன். ரஷ்யத் துறைமுகமான வயெங்காவில் ஸோயா என்று சலவைக்கூடத்துப் பெண் ஒருத்தியைப் பிடித்து வைத்திருந்தான். போகும்போதெல்லாம் சோப்பும் சாக்லேட்டும் கொண்டுபோய்க் கொடுப்பான். சண்டை முடிந்தால் இங்கேயே தங்கிவிடப் போகிறேன், எங்கள் ஊர் மத்தி மீன் நாற்றத்துக்கு இந்தக் குளிரே தேவலை என்று கப்பல் முழுக்கச் சொல்லிக்கொண்டு திரிந்தான். சும்மா விளையாட்டுக்குச் சொன்னதுதான்.

இனி ரம்மைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். இருபது வயது நிரம்பிய மாலுமிக்குத் தினமும் மத்தியானம் ஒரு பங்கு ரம் உண்டு. கப்பலில் நன்றி சொல்வது, சமாதானமாவது, வாக்குக் கொடுப்பது எல்லாம் அந்தப் பங்கிலிருந்துதான். ஒருவன் உதவி செய்தால் உன் பங்கில் அவனுக்கு ஒரு மிடறு. பெரிய உதவி என்றால் முழுப் பங்கு. பிறந்தநாள் என்றால் மெஸ்ஸில், அதாவது ஒரே மேஜையில் சாப்பிட்டு அங்கேயே படுக்கும் கூட்டத்தில், ஒவ்வொருவனும் தன் பங்கில் ஒரு மிடறு கொடுப்பான், பிறந்தநாள்காரன் ஒருவனுடையதையும் வேண்டாம் என்று சொல்லக்கூடாது. சொன்னால் அவனை அவமானப்படுத்தியதாக அர்த்தம். இந்த வழக்கத்தைக் கொண்டுவந்த புண்ணியவான் யார் என்று எனக்குத் தெரியாது. தெரிந்தால் அவன் கல்லறையில் போய் நாலு வார்த்தை கேட்பேன்.

அன்றைக்கு விடியுமுன் ஹெஸி வயெங்காவிலிருந்து அவசரமாகப் புறப்பட்டிருந்தது. மத்தியானம் ரம் வந்தது. ஹெட்லியின் மெஸ்ஸில் இருபத்திரண்டு பேர், எல்லாரும் இரண்டாம் கோபுரத்து ஆட்கள். அவரவர் பங்கில் ஒரு மிடறைக் குறைத்துக்கொண்டு அவனுக்குக் கொடுத்தார்கள். பக்கத்து மெஸ் ஆட்கள் விடியலிலிருந்தே பனி வெட்ட மேலே போயிருந்தார்கள், முறை வராத கிட்டோ மட்டும் கோப்பையோடு இங்கே வந்துவிட்டான். பன்னிரண்டரைக்கு ஹெட்லி மருந்தறைக்குள் இறங்கவேண்டும். பன்னிரண்டு இருபதுக்கு அவன் மேஜைக் காலைக் கட்டிப்பிடித்துக்கொண்டு அதனிடம் ஏதோ மன்னிப்புக் கேட்டுக்கொண்டிருந்தான்.

மெஸ்ஸுக்கும் மருந்தறைக்கும் தலைவனான கர்னோ தலையில் கை வைத்தான். இவனை இந்தக் கோலத்தில் அதிகாரி பார்த்தால் நேரே சிறைதான். அப்போதுதான் கிட்டோ சொன்னான்.

“விடு கர்னோ, இவன் எடத்துல நான் எறங்குறேன். நாலு மணி வரைக்கும் எனக்கு வேல இல்ல. நாளைக்கு இவன் பங்கு முழுசும் எனக்கு, அவ்வளவுதான்.”

“பொதி தூக்கத் தெரியுமாடா ஒனக்கு?”

“மீன் கூடையத் தூக்குனவன்டா நான். இதுவாவது நாறாது.”

ஹெட்லியைத் தூக்கிப்போய்த் தொங்குபடுக்கைகளை அடுக்கி வைக்கும் மூலையில் மறைவாகப் போட்டார்கள். கிட்டோ போகிறபோது அவன் கன்னத்தில் செல்லமாக ஒரு தட்டுத் தட்டினான். அந்தத் தட்டும், தன் இடத்தில் கிட்டோ இறங்குகிறான் என்பதும் மட்டும் ஹெட்லிக்கு நினைவிருந்தது.

இரண்டு மணிக்குப் பனிப்புயலுக்குள்ளிருந்து இரண்டு ஜெர்மன் நாசகாரிக் கப்பல்கள் வந்தன. அபாய மணி அடித்தால் ஒவ்வொருவனும் தன் சண்டை இடத்துக்கு ஓடவேண்டும். கிட்டோவும் மேலே தன் பீரங்கிக்குப் போயிருக்க வேண்டும். போனால் மருந்தறையில் ஒரு ஆள் குறைவது தெரிந்துவிடும், ஹெட்லி மாட்டிக்கொள்வான். கிட்டோ போகவில்லை. தலைக்கு மேல் மூடி இறங்கியது.

ஹெட்லியை எழுப்பியது மணி அல்ல, ஹெஸி சுட்ட அதிர்ச்சி. எழுந்தான், விழுந்தான், வாந்தி எடுத்தான், சுவரைப் பிடித்துக்கொண்டு ஓடினான். மருந்தறைக்கு மேல் தளத்துக்கு வந்து சேர்ந்தபோது குண்டு இரண்டாம் கோபுரத்தின் நெற்றியைத் துளைத்து உள்ளே வெடித்தது. கோபுரத்துக்குள் இருந்தவர்கள் அத்தனை பேரும் அந்த நொடியில் போனார்கள். தீ, பொதி ஏற்றும் குழாய் வழியாகக் கீழே இறங்கியது. மூடியின் விளிம்பில் வண்ணப்பூச்சு கொப்புளம் கொப்புளமாகக் கிளம்பியது. நாற்றத்தைச் சொல்ல எனக்குத் தைரியம் இல்லை.

அந்தத் தளத்தில் சுவரோரம் ஒரு சக்கரம். அதைத் திருப்பினால் கடல் மருந்தறைக்குள் பாயும். அதன் பக்கத்தில் பெட்டி ஆபீசர் ஸ்பார்கோ உட்கார்ந்திருந்தார். மாலுமிகளுக்கு மேஸ்திரி மாதிரி அவர். அவருடைய வலது கை மணிக்கட்டோடு இல்லை. இடது கையால் சக்கரத்தைப் பிடித்து இழுத்துக்கொண்டிருந்தார், அது அசையவில்லை.

“திருப்பு,” என்றார் ஹெட்லியைப் பார்த்து.

“உள்ள ஆளுங்க இருக்காங்க சார்.”

“தெரியும். வெளிய அறுநூறு பேரு இருக்கான். மருந்து புடிச்சா எல்லாரும் போயிருவோம். திருப்புடா.”

ஹெட்லி திருப்பினான். தண்ணீர் இறங்குகிற சத்தம் கேட்டது. பிறகு கீழிருந்து மூடியைத் தட்டுகிற சத்தம் கேட்டது. இரும்புக் கொக்கியால் தட்டினார்கள் போலிருக்கிறது. முதலில் பல பேர் தட்டினார்கள், அப்புறம் சில பேர், கடைசியில் ஒருத்தன் மட்டும். நான்கு நிமிஷம். உள்ளே கிட்டோ இருக்கிறான் என்று அந்த நேரம் ஹெட்லிக்குத் தெளிவாகத் தெரியும். போதை எல்லாம் இறங்கிவிட்டது. கை மட்டும் திருப்பிக்கொண்டே இருந்தது.

மருந்து வெடிக்கவில்லை. கப்பல் பிழைத்தது. ஜெர்மன்காரர்கள் புகைக்குள் போய்விட்டார்கள்.

அன்று மாலை கப்பலின் துணைத் தலைவர் விசாரித்தார். நீ மருந்தறை ஆள் ஆயிற்றே, எப்படி வெளியே இருந்தாய் என்று கேட்டார். டெலிபோன் வேலை செய்யவில்லை, கர்னோ என்னைச் செய்தி சொல்ல மேலே அனுப்பினான், திரும்புவதற்குள் மூடி சாத்தியிருந்தது என்று ஹெட்லி சொன்னான். யோசித்துச் சொன்னதில்லை. பயத்தில் வாய் தானாகச் சொன்னது. சண்டை நேரத்தில் குடித்துவிட்டு இடத்தை விட்டவனுக்கு என்ன கிடைக்கும் என்று அவனுக்குத் தெரியும். அவன் பொய்யை மறுத்துப் பேச அந்த மெஸ்ஸில் ஒருவன்கூட மிச்சம் இல்லை.

மூன்று நாள் ஹெஸி தள்ளாடித் தள்ளாடி வயெங்காவுக்குத் திரும்பியது. அந்த மூன்று நாளும் மருந்தறைத் தண்ணீர் கப்பலோடு சேர்ந்து ஆடியது. துறைமுகத்தில் நீரை இறைத்துவிட்டு உள்ளே இறங்கிய ஆட்களில் ஹெட்லியும் இருந்தான், தானாகவே கேட்டு இறங்கினான். எரிந்தது, நனைந்தது, அலை அடித்துச் சிதைத்தது. எத்தனை பேர் என்று எண்ணுகிற நிலையில் எதுவும் இல்லை. பட்டியலில் பதினோரு பெயர், ஹெட்லி உயிரோடு நிற்கிறான், ஆகவே பத்து என்று கணக்குப் போட்டார்கள். கிடைத்ததையெல்லாம் பத்துப் பங்காகப் பிரித்துப் பத்துக் கித்தான் துணியில் வைத்துத் தைத்தார்கள். பிரித்து வைத்தவர்களில் ஹெட்லியும் ஒருவன். பதினோராவது ஆள் அந்தப் பத்திலும் கொஞ்சம் கொஞ்சமாக இருக்கிறான் என்று அவன் ஒருவனுக்குத்தான் தெரியும்.

கிட்டோவைத் தேட ஆரம்பித்தது அதற்குப் பிறகுதான். சண்டையின்போது அவன் தன் பீரங்கிக்கு வரவே இல்லை என்று அதன் தலைவன் எழுதிக் கொடுத்தான். புறப்பட்டதிலிருந்தே அவனைக் கண்ணால் பார்க்கவில்லை என்று இன்னொருவன் சொன்னான். ஸோயா விஷயம் கப்பல் முழுக்கத் தெரியும். கரையில் போய் விசாரித்தால் அந்தப் பெண்ணும் அங்கே இல்லை, வேறு ஊருக்கு மாற்றிவிட்டார்களாம். துணைத் தலைவர் மறுபடி ஹெட்லியைக் கூப்பிட்டார்.

“பெங்கெல்லி ஒன் சிநேகிதன்தானே? கப்பல் கெளம்புன அப்புறம் அவன நீ பார்த்தியா?”

பார்த்தேன் என்று சொன்னால் எங்கே என்று கேட்பார். எங்கே என்று சொன்னால் எல்லாமே வெளியே வந்துவிடும்.

“இல்ல சார். பார்க்கல.”

கிட்டோவின் பெயருக்கு நேரே ‘ஓடிப்போனவன்’ என்று எழுதினார்கள். சண்டைக்குப் பயந்து கப்பலை விட்டு ஓடியவனுக்கு எழுதுகிற சொல் அது. அதே வாரத்தில் ஹெட்லிக்குப் பாராட்டுப் பத்திரம் வந்தது, தன் சொந்த மெஸ் ஆட்களென்றும் பார்க்காமல் கப்பலைக் காப்பாற்றியதற்காக. ஸ்பார்கோ இடது கையால் கையெழுத்துப் போட்டுச் சிபாரிசு செய்திருந்தார்.

அதன்பிறகு ஹெட்லி ரம்மைத் தொடவில்லை. கப்பலை விட்டும் போகவில்லை. ஹெஸியைப் பழுது பார்த்துப் புதுக் கோபுரம் வைத்தபோது, அதே இரண்டாம் கோபுரத்தைக் கேட்டு வாங்கினான். பாவம், சிநேகிதர்களை மறக்க முடியவில்லை என்று ஆட்கள் உச்சுக்கொட்டினார்கள். ஹெஸி நார்மண்டிக் கரையைச் சுட்டது. சண்டை முடிந்ததும் கிழக்கே போய், ஜப்பான்காரர்களின் முகாம்களிலிருந்து கைதிகளை ஏற்றிவந்தது. எலும்பும் தோலுமாக இருந்த அவர்களில் இருபது பேர் முதல் முறை வயிறாரச் சாப்பிட்டதிலேயே செத்தார்கள். நாற்பத்தேழில் பாலஸ்தீனக் கரையில் யூத அகதிக் கப்பல்களை மறித்தது. ஹெட்லியும் தடியோடு ஏறினான். வதைமுகாமிலிருந்து தப்பிவந்த ஒரு பெண் டப்பாவால் அவன் நெற்றியைப் பிளந்தாள். அவன் திருப்பி அடித்தான், அவள் படியில் உருண்டாள். சமாதான காலம் என்று இதற்குத்தான் பெயர் வைத்திருந்தார்கள்.

அவனும் பெட்டி ஆபீசர் ஆனான், ஆட்கள் வாயில் ‘பி.ஓ.’ கல்யாணம் செய்துகொள்ளவில்லை. லீவில் டெவன்போர்ட்டுக்கு வந்தால், அங்கேயிருந்து படகில் ஒரு மணி நேரத்தில் காசண்ட். ஒரு தடவைகூட அந்தப் பக்கம் போகவில்லை.

ஐம்பதாம் வருஷம் கொரியச் சண்டைக்கு ஹெஸி புறப்படும்போது புதிதாக ஏறியவர்களில் ஒருவன் பெயரை ஹெட்லி பட்டியலில் வாசித்தான். ஜேகோ பெங்கெல்லி, வயது இருபத்து மூன்று, ஊர் காசண்ட். கிட்டோவின் தம்பி. அவனை இரண்டாம் கோபுரத்துக்கே போட்டிருந்தார்கள், ஹெட்லியின் கையடியில்.

ஜேகோ கிட்டோ மாதிரி சிரிப்புக்காரன் இல்லை. பல்லைக் கடித்துக்கொண்டே பிறந்தவன் மாதிரி இருப்பான். ஓடிப்போனவனின் தம்பி என்று ஒரே வாரத்தில் கப்பலுக்குத் தெரிந்துவிட்டது. ஜப்பானில் சசெபோ துறைமுகத்து பீர்க்கடையில் ஒருவன் நாலு பேர் கேட்க அவனிடம் வாயைக் கொடுத்தான்.

“பெங்கெல்லி, ரஷ்யாவுல ஒங்க அண்ணன் எத்தன புள்ள பெத்து வெச்சிருக்கான்? லெட்டர் கிட்டர் போடுறானா?”

ஜேகோ பாட்டிலை மேஜையில் உடைத்து மிச்சத்தை அவன் முகத்தில் இறக்கினான். கன்னம் பல் தெரியக் கிழிந்தது. நாற்காலிகள் பறந்தன. நடுவில் புகுந்து இழுத்துப்போனவன் ஹெட்லி. வழியெல்லாம் அந்தப் பையன் கையிலிருந்து ரத்தம் சொட்டிக்கொண்டிருந்தது.

“விடுங்க பி.ஓ. இவனுங்க ஒவ்வொருத்தன் முன்னாடியும் நான் செத்துக் காட்டுறேன். எங்க வீட்டு ரத்தம் ஓடுற ரத்தம் இல்லன்னு அப்பவாவது தெரியும்ல.”

அது வெறும் பேச்சில்லை என்பது ஹெட்லிக்குச் சீக்கிரமே புரிந்தது. மிதக்கும் கண்ணிவெடியை அறுக்கப் படகு இறக்கினால் முதல் ஆள் ஜேகோ. கரையிலிருந்து சுடும்போது தலையைத் தாழ்த்தாமல் நிற்பவன் ஜேகோ. எல்லாரும் அவனைத் தைரியசாலி என்றார்கள். அவன் சாகிறதுக்கு இடம் தேடிக்கொண்டிருந்தான். அவனைச் சாகத் துரத்துவது தன்னுடைய ஒற்றைப் பொய்தான் என்று தெரிந்தும் ஹெட்லி வாயைத் திறக்கவில்லை. நாளை சொல்கிறேன், நாளை சொல்கிறேன் என்று ஆறு மாதம் ஓட்டினான். இந்த இடத்தில் எனக்கு அவன்மேல் வருகிற ஆத்திரம் முதல் பொய்யின்மேல் வந்ததைவிட அதிகம். அன்றைக்கு அவன் இருபத்தொரு வயதுப் பையன். இப்போது இருபத்தொன்பது.

ஐம்பத்தொன்று ஏப்ரலில் ஹெஸி ஹன் நதி முகத்துவாரத்தில் சேற்றுத் திட்டுகளுக்கு நடுவில் நின்று கரையைச் சுட்டுக்கொண்டிருந்தது. மலைக்குப் பின்னாலிருந்து வந்த குண்டு ஒன்று இரண்டாம் கோபுரத்தின் பக்கவாட்டில் வெடித்தது. உள்ளே மூன்று பேர் கிழிந்து விழுந்தார்கள். பீரங்கியில் ஏற்றவேண்டிய மருந்துப் பொதி ஒன்று தரையில் விழுந்து ஓரம் புகைந்தது. வெளியேறு என்று ஹெட்லி கத்தினான். நடக்க முடிந்தவர்கள் ஏணியில் இறங்கினார்கள், விழுந்து கிடந்தவர்களை இழுத்துக்கொண்டு போனார்கள். ஜேகோ போகவில்லை. புகைகிற பொதியை இரண்டு கையாலும் மார்போடு அணைத்துத் தூக்கினான். வெளிக்கதவு குண்டு பட்டு வளைந்து ஓராள் கை நுழையும் அளவுக்குத்தான் திறந்தது. பொதியைக் கீழே போட்டுவிட்டு ஏணியில் இறங்க இன்னும் நேரம் இருந்தது. அவனோ அதை அணைத்தபடி கதவை முட்டிக்கொண்டே நின்றான்.

“போட்டுட்டு வாடா!”

“பெங்கெல்லி ஓடமாட்டான் பி.ஓ. போய் எல்லார்கிட்டயும் சொல்லுங்க.”

“ஒங்கண்ணன் ஓடல. ஜேகோ, கேளு. கிட்டோ ஓடல. என் எடத்துல மருந்தறைக்குள்ள இருந்தான். நான் குடிச்சிட்டுக் கெடந்தேன். நான்தான் பொய் சொன்னேன்.”

ஜேகோவின் கை தளர்ந்தது. பொதி நழுவியது. ஹெட்லி அவன் சட்டையைப் பிடித்து ஏணிக்குழியில் தள்ளித் தானும் மேலே விழுந்து மூடியை இழுத்தான். மேலே பொதி ஒரே மூச்சாக எரிந்தது. ஹெட்லியின் முதுகுத் தோல் சட்டையோடு சேர்ந்து உரிந்தது.

கீழே விழுந்த இடத்திலேயே ஜேகோ எழுந்து உட்கார்ந்து, என்ன சொன்னீங்க, மறுபடி சொல்லுங்க என்றான். ஹெட்லி எல்லாவற்றையும் சொன்னான். பிறந்தநாள், ரம், கிட்டோ தட்டிய கன்னம், சக்கரம், நான்கு நிமிஷம், பத்து மூட்டை, பார்க்கல சார் என்று சொன்னது. சொல்லி முடிக்கும் முன்பே முதல் குத்து விழுந்தது. ஜேகோ அவனை ஏணியடியில் போட்டு முகத்திலேயே குத்தினான். முன்பற்கள் நான்கு போயின, தாடை உடைந்தது. ஹெட்லி கையைத் தூக்கவில்லை. மற்றவர்கள் வந்து பிடித்து இழுக்கிற வரைக்கும் அடி விழுந்துகொண்டே இருந்தது.

மறுநாள், தாடையில் கம்பி கட்டியிருந்ததால், ஹெட்லி எல்லாவற்றையும் தாளில் எழுதிக் கப்பல் தலைவரிடம் கொடுத்தான். ஹாங்காங்கில் ராணுவ நீதிமன்றம் வைத்தார்கள். பதவியைப் பிடுங்கினார்கள், பாராட்டுப் பத்திரத்தைத் திரும்ப வாங்கினார்கள், தொண்ணூறு நாள் சிறை, பிறகு படையிலிருந்து நீக்கம். சிறைக்குப் போகுமுன் ஜேகோ ஒரே ஒரு தடவை வந்து கம்பிக்கு வெளியே நின்றான்.

“அண்ணன் பேர மாத்தி எழுதப்போறாங்க. ஊருக்கு லெட்டர் போகும். அந்த லெட்டர் போறதுக்கு முன்னாடி எங்கம்மாகிட்ட நீயே போய் சொல்லணும். எட்டு வருஷமா அவன் பேர அம்மா வாயால சொன்னதில்ல. வெக்கத்துல தெருவுல ஒருத்தர்கிட்டயும் நின்னு பேசுனதில்ல. ஒன் வாயால அவங்க கேக்கணும்.”

ஹெட்லி சரி என்று தலையாட்டினான். கப்பல் தலைவர் கடிதத்தை அதுவரை நிறுத்தி வைக்கச் சம்மதித்தார்.

செப்டம்பரில் ஹெட்லி காசண்டுக்குப் படகேறினான். லவ்டே பெங்கெல்லியின் வீடு படகுத்துறைக்கு மேலே மூன்றாவது. அவள் வாசல் கல்லில் உட்கார்ந்து கானாங்கெளுத்தி கழுவிக்கொண்டிருந்தாள். அறுபதை நெருங்குகிறவள், கை மட்டும் இளவயதுக்காரியுடையது மாதிரி வேகமாக ஓடியது. ஜேகோ எழுதியிருந்தான், ஹெஸ்பீரியாவில் இருந்த ஒருத்தர் வருவார் என்று. உள்ளே கூப்பிட்டு உட்கார வைத்து டீ கொடுத்தாள். மீன் பாத்திரத்தையும் உள்ளே கொண்டுவந்து மேஜையில் வைத்துக்கொண்டாள். இவன் முகம் ஏன் இப்படிக் கோணியிருக்கிறது என்று கேட்கவில்லை.

ஹெட்லி சொன்னான். இந்த ஒரு தடவையாவது முழுசாகச் சொல்லவேண்டும் என்று சக்கரத்தையும் விடாமல் சொன்னான். கொண்டாடவேண்டிய சேதி ஒன்றும் இல்லை, ஆனால் அவள் நெஞ்சிலிருந்து ஒரு பாரமாவது இறங்கும் என்று நம்பி வந்திருந்தான். உங்கள் பிள்ளை ஓடவில்லை, என்னைக் காப்பாற்ற உள்ளே இருந்து செத்தான், இனி ஊரில் நீங்கள் தலைநிமிர்ந்து நடக்கலாம் என்று முடித்தான்.

லவ்டே கடைசி மீனின் வயிற்றைக் கீறிக் குடலை எடுத்துப் போட்டாள். கத்தியைத் துடைத்தாள்.

“வெக்கத்துல நான் வாயத் தொறக்கலன்னு ஜேகோ சொல்லியிருப்பான்.”

“ஆமா மிஸஸ் பெங்கெல்லி.”

“அவனுக்கு என்ன தெரியும்? பக்கத்து வீட்டுல ரெண்டு புள்ள செத்தானுங்க. எதுத்த வீட்டுல ஒருத்தன். ஓடிப்போயிட்டான்னு எனக்குக் கடுதாசி வந்தன்னிக்கு ஊரே என் வாசல்ல காறித் துப்புச்சு. நான் கதவச் சாத்திக்கிட்டு உள்ள ஒக்காந்து சிரிச்சேன். எம் புள்ள புத்திசாலி, ஓடிட்டான். எங்கயோ உசுரோட இருக்கான். வாயத் தொறந்தா சந்தோஷம் வெளிய தெரிஞ்சிரும்னுதான் மூடிக்கிட்டிருந்தேன்.”

ஹெட்லி டீக் கோப்பையைக் கீழே வைத்தான்.

“அந்தப் பொண்ணு பேரு ஸோயா. எனக்கு எழுதியிருந்தான். ரெண்டு புள்ளன்னு வெச்சிருந்தேன். மூத்தவன் இந்த வருஷம் பள்ளிக்கூடம் போறான்.” அவள் கத்தியை மேஜைமேல் வைத்தாள். “தட்டுனாங்கன்னு சொன்னியே. கடைசில ஒருத்தன் மட்டும் தட்டுனான்னு. அது அவனா?”

“தெரியாது, மிஸஸ் பெங்கெல்லி.”

“எட்டு வருஷம் பொய் சொன்ன. இன்னும் கொஞ்ச நாள் சொல்லியிருக்கக் கூடாதா? நான் போற வரைக்கும்?”

ஹெட்லி எழுந்து நின்றான். தொப்பியை எடுத்துக்கொண்டு வெளியே வந்து நான்கைந்து எட்டு வைத்திருப்பான். உள்ளே லவ்டே மகன் பேரைச் சொல்லி அழ ஆரம்பித்தாள். கிட்டோ, கிட்டோ என்று அவள் அழுதது துறை வரைக்கும் கேட்டது. தெருவில் ஒவ்வொரு கதவாகத் திறந்தது. அத்தனை பெண்களும் அவள் வீட்டைப் பார்த்து ஓடினார்கள்.